சொல்பேச்சுக் கேளாத கோடுகள்



ஒரு மதுப்புட்டி மலராகிறது. மலரின் காம்பு யானையின் துதிக்கையாகிறது. அந்த யானை சற்று நேரத்தில் ஒரு வீடாகி நிற்கிறது. வீட்டுக்குள் அகப்பட்டுக்கொண்ட கோமாளி சன்னல் வழியே வெளியே குதிக்கிறான். தலை தனியே போய்விடுகிறது. உடனே ஓவியரின் கைகள் திரைக்குள் வருகின்றன. வரைந்த கைகள் அல்ல, உண்மையான மனிதக் கைகள்! அவை கோமாளியை ஒட்டிச் சரிசெய்கின்றன. பிறகு அவன் தன்னைத்தானே பலூன்போல ஊதிக்கொண்டு, ஒரு குதிரையின்மேல் ஏறி, நமக்குக் கையசைத்துவிட்டுப் போய்விடுகிறான். படம் முடிந்துவிட்டது.

இது 1908ஆம் ஆண்டு ஆகஸ்டு 17ஆம் நாள் பாரிஸ் நகரில் திரையிடப்பட்ட 'ஃபான்டாஸ்மாகோரி' என்னும் படம். எடுத்தவர் எமில் கோல். நாம் பொதுவாகக் கார்ட்டூன் என்று சொல்லும் அசைவூட்டப் படங்களுள், முழுக்க முழுக்கக் கையால் வரையப்பட்ட முதற்படம் என்று பலரும் இதனையே குறிப்பிடுவர். இதில் கதை இல்லை, நீதி இல்லை, பேச்சும் இல்லை. ஆயினும் இதனைப் பார்க்கும் எந்தக் குழந்தையும் சிரிக்காமல் இருப்பதில்லை. பெரியவர்கள்தாம், "இதற்கு என்ன பொருள்?" என்று கேட்கின்றனர்.

ஊமைப்படக் காலத்தின் இத்தகைய குறும்படங்களைச் சில ஆண்டுகளாக நான் தேடித் தேடிப் பார்த்து வருகிறேன். தொடக்கத்தில் வேடிக்கைக்காகத்தான் பார்த்தேன். பார்க்கப் பார்க்க, இவற்றில் தமிழாசிரியர்களும் பெற்றோர்களும் எண்ணிப் பார்க்கவேண்டிய ஒன்று இருப்பதாகத் தோன்றியது. அதைப்பற்றியே இந்தக் கட்டுரை.

ஆனதா, ஆக்கப்பட்டதா?

எமில் கோலின் இயற்பெயர் எமில் கூர்த்தே. 1857இல் பாரிசில் பிறந்தவர். ஆந்திரே கில் என்ற புகழ்பெற்ற கேலிச்சித்திரக்காரரிடம் தொழில் பயின்றவர். 1882இல் ஜூல் லெவி என்பவர் தொடங்கிய 'ஒவ்வாதோர்' எனப்படும் கலைக்குழுவில் கோலும் இணைந்திருந்தார். கலை என்றால் இப்படித்தான் இருக்கவேண்டும் என்று சொன்ன பெரிய கண்காட்சிகளைக் கிண்டல் செய்வதே அக்குழுவின் வேலை. பொருந்தாத இரண்டைப் பொருத்துவதும், பொருள் இல்லாததைப் பெரும் பொருளுடையதுபோல் காட்டுவதும் அவர்களுடைய நகைச்சுவை. கனவின் போக்கிலே கலை செய்யும் இயக்கங்கள் பிற்காலத்தில் ஐரோப்பாவில் புகழ்பெற்றன அல்லவா? அவற்றுக்குப் பல்லாண்டுகள் முன்னரே, இவர்கள் சிரிப்பதற்காக அதைச் செய்துகொண்டிருந்தனர்.

கோல் திரைப்படத்துறைக்கு வந்தபோது அவருக்கு வயது ஐம்பதைக் கடந்துவிட்டது. கோமோன் நிறுவனத்தில் வேலை. 'ஃபான்டாஸ்மாகோரி'க்காக ஏறத்தாழ 700 படங்களை வரைந்தார். ஒவ்வொரு படத்தையும் இரண்டு சட்டங்களாகப் படம்பிடித்தார். ஊமைப்படக் காலத்தில் நொடிக்குப் பதினாறு சட்டங்கள் என்று பொதுவாகக் கொள்வர். ஆகவே 700ஐ இரண்டால் பெருக்கி, பதினாறால் வகுத்தால் சுமார் 87 நொடி வரும். ஒன்றரை நிமிடச் சிரிப்புக்கு 700 படங்கள்! கணித ஆசிரியர்கள் இந்தக் கணக்கை வகுப்பில் தாராளமாகக் கொடுக்கலாம்.

வெள்ளைத் தாளில் கறுப்புக் கோட்டால் வரைந்ததை அவர் எதிர்ப்படமாக மாற்றிக்கொண்டார். அதனால் திரையில் கறுப்புப் பின்னணியில் வெள்ளைக் கோடுகள் தோன்றின. பார்ப்பதற்கு வகுப்பறைக் கரும்பலகையில் சுண்ணாம்புக் கட்டியால் வரைந்ததுபோல் இருக்கும். இதற்கும் ஒரு காரணம் உண்டு. ஸ்டூவர்ட் பிளாக்டன் என்பவர் 1906இல் அமெரிக்காவில் எடுத்த ஒரு குறும்படத்தில் உண்மையாகவே கரும்பலகையில்தான் முகங்களை வரைந்தார். ஓர் ஆணின் முகம், ஒரு பெண்ணின் முகம். ஆண் சுருட்டுப் புகையை ஊதுகிறான். பெண்ணின் முகம் புகையில் மறைந்துபோகிறது. பிறகு ஓவியரின் கை வந்து எல்லாவற்றையும் துடைத்துவிடுகிறது. ஆக, அசைவூட்டக் கலை தன் முதல் அடிகளைக் கரும்பலகையில் எடுத்துவைத்தது என்பதில் ஆசிரியர்களாகிய நமக்குச் சற்றுப் பெருமைதான்.

இனி, தமிழாசிரியராக என்னைக் கவர்ந்த செய்திக்கு வருகிறேன். 'புட்டி மலர் ஆனது' என்பது ஒரு வாக்கியம். 'ஓவியர் புட்டியை மலர் ஆக்கினார்' என்பது இன்னொரு வாக்கியம். முன்னது தன்வினை, பின்னது பிறவினை. இவ்விரண்டில் எது சரி? திரையில் பார்க்கும்போது புட்டி தானே மலராகிறது. ஆனால் ஓவியரின் கையை நாம் தொடக்கத்திலேயே பார்த்துவிட்டோம். அந்தக் கைதான் எல்லாவற்றையும் ஆக்குகிறது என்பதும் நமக்குத் தெரியும். தெரிந்திருந்தும், கோட்டுக்கு ஒரு சொந்த விருப்பம் இருப்பதாக மனம் நம்பிவிடுகிறது. இந்த இரண்டுக்கும் நடுவில் நடக்கும் இழுபறிதான் அந்தக் காலத்துப் படங்களின் நகைச்சுவை என்பது என் கருத்து. கை வரைகிறது, வரையப்பட்டது கைக்கு அடங்க மறுக்கிறது.

கோலின் வேறொரு படத்தையும் சொல்லவேண்டும். 1910இல் வெளிவந்தது. ஓர் ஓவியர், தம்மிடம் ஓவியம் வாங்க வந்தவருக்கு வெறும் ஒற்றை வண்ணம் பூசிய பலகைகளைக் காட்டுகிறார். ஒன்று முழுக்கச் சிவப்பு. சிவப்பு அங்கி அணிந்த கர்தினால் ஒருவர், செங்கடல் கரையில் அமர்ந்து, தக்காளியோடு சிங்கி இறாலைச் சாப்பிடுகிறாராம்! ஓவியர் இப்படி விளக்கம் சொன்னதும், அந்தச் சிவப்புப் பரப்பிலேயே கோடுகள் எழுந்து அக்காட்சியை நடித்துக் காட்டுகின்றன. வந்தவருக்கு மகிழ்ச்சி தாங்கவில்லை. ஒரு சொல், வெறும் வண்ணத்துக்குள் ஓர் உலகத்தையே எழுப்பிவிடுகிறது. மொழி கற்பிப்பவர்கள் இதைக் கண்டு மகிழாமல் இருக்க முடியுமா?

கணக்குப் பார்த்துச் செய்த கனவு

அட்லாண்டிக் கடலுக்கு அப்பால், நியூயார்க்கில், வின்சர் மெக்கே என்ற செய்தித்தாள் ஓவியர் இருந்தார். அவருடைய மகன் வீட்டுக்குக் கொண்டுவந்த புரட்டுப் புத்தகங்கள்தாம் தம்மை அசைவூட்டத்தின் பக்கம் திருப்பின என்று அவர் சொல்லியிருக்கிறார். தாள்களை வேகமாகப் புரட்டினால் படம் அசையுமே, அந்தச் சிறு புத்தகங்கள். பிள்ளையின் விளையாட்டுப் பொருளைத் தந்தை உற்றுப் பார்த்ததால் ஒரு கலை வளர்ந்தது என்பதைப் பெற்றோர்கள் நினைவில் வைக்கலாம்.

1911இல் மெக்கே எடுத்த முதல் படம் 'லிட்டில் நீமோ'. 4,000 படங்கள், ஒவ்வொரு சட்டத்திலும் கையாலேயே வண்ணம் தீட்டப்பட்டது. அதில் ஓர் இடம் என்னை இன்றும் வியக்க வைக்கிறது. வரையப்பட்ட சிறுவனாகிய நீமோ, மற்ற உருவங்களை வளைகண்ணாடியில் தெரிவதுபோல நீட்டவும் குறுக்கவும் செய்கிறான். அடுத்து, தானே வரையத் தொடங்குகிறான். அவன் வரைய வரைய ஓர் இளவரசி உருவாகிறாள். அவளுக்கு அவன் ஒரு ரோசா மலரைக் கொடுக்கிறான். ஓவியரின் கை வரைந்த பிள்ளை, தன் கையால் வேறொருத்தியை வரைந்துவிட்டான்! ஆக்கப்பட்டவனே ஆக்குகிறவன் ஆகிவிட்டான்.

அடுத்த ஆண்டு, 1912இல், ஒரு கொசுவைப் பற்றிய படம் வந்தது. நம் நாட்டில் கொசு என்றாலே டிங்கிக் காய்ச்சல்தான் நினைவுக்கு வரும். ஆகவே நம் பிள்ளைகளுக்கு இது மிக நெருக்கமான படம். மெக்கேயின் கொசு உயரமான தொப்பி அணிந்து, கையில் பெட்டியோடு வேலைக்குப் போவதுபோல் வருகிறது. உறங்கும் மனிதன்மேல் அமர்வதற்கு முன் தன் ஊசிமூக்கைச் சாணைக்கல்லில் தீட்டிக்கொள்கிறது. குடிக்கிறது, மேலும் குடிக்கிறது, வயிறு புடைக்கிறது. போதும் என்று நிறுத்தத் தெரியவில்லை. இறுதியில் வெடித்துவிடுகிறது. இதற்கு ஏறக்குறைய 6,000 படங்கள்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். கொசு தொப்பி அணியுமா என்று கேட்டால் அணியாது. ஆனால் அந்த ஒரு பொய்யை ஏற்றுக்கொண்டுவிட்டால், பிறகு வருவன எல்லாம் ஒழுங்காகவே நடக்கின்றன. ஊசி மழுங்கினால் தீட்டத்தான் வேண்டும். குடித்தால் வயிறு பெருக்கத்தான் வேண்டும். பெருத்தால் பறப்பது கடினமாகத்தான் வேண்டும். அளவு மீறினால் வெடிக்கத்தான் வேண்டும். நகைச்சுவை கட்டுப்பாடின்றி அலைவதாகத் தோன்றினாலும், உள்ளே காரண காரியம் மிகக் கண்டிப்பாக இருக்கிறது. கற்பனை என்றால் எதை வேண்டுமானாலும் சொல்வது என்று நினைப்பவர்களுக்கு இந்தக் கொசு நல்ல பாடம்.

1914இல் மெக்கே 'கெர்ட்டி' என்ற தொன்மா உயிரியை மேடைக்குக் கொண்டுவந்தார். டைனோசர் என்று பிள்ளைகள் சொல்வார்களே, அதுதான். அவர் சாட்டையுடன் மேடையில் நிற்பார். திரையில் கெர்ட்டி தோன்றும். "வலக்காலைத் தூக்கு" என்பார், தூக்கும். சில நேரம் தூக்காது. கடிந்துகொண்டால் அழும். ஏரி நீரை முழுவதும் குடித்துத் தீர்க்கும். இறுதியில் மெக்கே திரைக்குப் பின்னால் போக, வரையப்பட்ட மெக்கே திரைக்குள் தோன்றி, கெர்ட்டியின்மேல் ஏறிப் போய்விடுவார். ஏறத்தாழ 10,000 படங்கள். ஒவ்வொன்றிலும் மலையையும் மரத்தையும் ஓர் உதவியாளர் மீண்டும் மீண்டும் வரைந்தார். கெர்ட்டி மூச்சுவிடும் நேரத்தைக் கணக்கிட, மெக்கே தம்முடைய மூச்சையே அளந்து பார்த்தார். இவ்வளவு கணக்குப் பார்த்துச் செய்ததனால்தான், கெர்ட்டி சொல்பேச்சுக் கேளாதபோது பார்வையாளர்கள் அதை நம்பினார்கள்.

மைக்கூட்டிலிருந்து வந்தவனும் வாலைக் கழற்றியவனும்

மேக்ஸ் ஃபிளைஷர், கிராக்கோவில் பிறந்து நியூயார்க்கில் வளர்ந்தவர். நடிகரைப் படம்பிடித்து, அந்தப் படச்சுருளைச் சட்டம் சட்டமாகக் கண்ணாடியில் விழச்செய்து, அதன்மேல் தாளை வைத்து உருவத்தை எடுத்து வரையும் கருவி ஒன்றை அவர் உருவாக்கினார். அதற்கு 1917இல் காப்புரிமை கிடைத்தது. தம்பி டேவ் கோமாளி உடை அணிந்து நடித்தார். உயிருள்ள மனிதனைப்போல் இயல்பாக அசையவைக்கும் கருவி அது. அதைக்கொண்டு ஃபிளைஷர் சகோதரர்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? இயல்பாக எதையுமே செய்யாத ஒரு கோமாளியை உருவாக்கினார்கள்!

1918இல் தொடங்கிய 'மைக்கூட்டிலிருந்து' என்னும் அந்தப் படவரிசையில், மேக்ஸ் தம் மேசையில் அமர்ந்திருப்பார். மைக்கூட்டிலிருந்தோ பேனா முனையிலிருந்தோ கோமாளி புறப்படுவான். ஓவியர் சொல்வதைச் செய்யமாட்டான். தாளைவிட்டு இறங்கி அறைக்குள் ஓடுவான். 1921இல் வந்த ஒரு படத்தில், சிற்பி செய்துகொண்டிருக்கும் களிமண் தலைமேல் போய்க் குறும்பு செய்கிறான். 1928இல் வந்த மற்றொன்றில், கோ-கோ என்னும் இக்கோமாளியும் அவனுடைய நாயும் உலகையே இயக்கும் நெம்புகோல்கள் உள்ள இடத்துக்குப் போய்விடுகின்றனர். தொட்டால் உலகம் அழியும் என்ற நெம்புகோல் ஒன்றும் அங்கே இருக்கிறது. தொடாதே என்றால் நாய் தொடாமல் இருக்குமா? இழுத்துவிடுகிறது. உண்மையான நகரம், உண்மையான கட்டடங்கள், திரையில் ஆட்டம் காண்கின்றன. வழக்கமாக இந்தப் படங்களின் முடிவில் கோமாளி மைக்கூட்டுக்கே திரும்பிவிடுவான். ஆனால் அவன் மறுபடியும் வருவான் என்பது எல்லாருக்கும் தெரியும்.

பூனை ஃபீலிக்சின் வழி வேறு. 1919இல் அறிமுகமான இந்தக் கறுப்புப் பூனைக்கு ஓவியருடன் சண்டை போடும் தேவை அவ்வளவாக இல்லை. அதற்குத் தன் உடலே கருவிப்பெட்டி. வாலைக் கழற்றிக் கைத்தடியாக வைத்துக்கொள்ளும். தலைக்குமேல் தோன்றும் வியப்புக்குறியையும் வினாக்குறியையும் பிடித்துக் கருவிகளாகப் பயன்படுத்திக்கொள்ளும். முதற்படத்திலேயே இசைக்குறிகளைச் சேர்த்து உருளும் வண்டி செய்துகொள்கிறது. 1923இல் வந்த ஒரு படத்தில், பூனைக்கு ஹாலிவுட் போகவேண்டும். அழைத்துப் போக ஆள் இல்லை. என்ன செய்தது? தானே ஒரு பையாக மாறிவிட்டது. தன் பை என்று நினைத்து அதைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார் உரிமையாளர். அங்கே வாலைக் கைத்தடியாகச் சுழற்றி சாப்ளின்போல் நடந்து காட்ட, அதைக் கண்ட சாப்ளினே தம் வித்தையைத் திருடுவதாகக் கோபித்துக்கொள்கிறார்!

இந்தப் பூனைப் படங்களில் திரையில் தெரிந்த பெயர் நிறுவன உரிமையாளர் பேட் சல்லிவனுடையது. நாள்தோறும் வரைந்து இயக்கிய ஆட்டோ மெஸ்மரின் பெயர் நெடுங்காலம் வெளியுலகுக்குத் தெரியவில்லை. பூனையை முதலில் படைத்தவர் யார் என்ற வாதம் இன்றும் உண்டு. ஆக்கியவர் யார் என்ற வினா திரைக்கு வெளியேயும் நீள்கிறது பாருங்கள்.

கோடு அடங்கிய கதை

இந்தக் குறும்பு ஏன் குறைந்தது? பல காரணங்கள் உண்டு. இரண்டை மட்டும் சொல்கிறேன்.

முதலாவது, ஒளி ஊடுருவும் செல்லுலாய்டுத் தாள். ஏர்ல் ஹர்ட் என்பவர் 1914இல் இதற்கான காப்புரிமைக்கு வழிசெய்தார். பின்னணியை ஒருமுறை மட்டும் வரைந்துவைத்து, அசையும் உருவத்தை மட்டும் செல்லுலாய்டில் வரைந்து மேலே வைத்தால் போதும். மலையையும் மரத்தையும் பத்தாயிரம் முறை வரையவேண்டியதில்லை. உழைப்புப் பெருமளவு மிச்சமாயிற்று. படங்கள் வாரந்தோறும் வெளிவர முடிந்தது. ஆனால் கோலின் படத்தில் உருவமும் பின்னணியும் ஒரே கோட்டால் ஆனவை. அதனால்தான் யானை வீடாக முடிந்தது. பின்னணி தனித்தாளாகப் பிரிந்தபின், வீடு வீடாகவே நின்றது. அதற்கு முன்னால் பூனை மட்டும் ஓடியது.

இரண்டாவது, ஒலி. 1928ஆம் ஆண்டு நவம்பர் 18ஆம் நாள், நியூயார்க்கில் 'ஸ்டீம்போட் வில்லி' திரையிடப்பட்டது. மிக்கி எலியின் அசைவும் இசையும் ஒன்றாக இணைந்து மக்களைக் கவர்ந்தன. ஃபீலிக்ஸ் பூனையால் அந்த மாற்றத்துக்கு ஈடுகொடுக்க முடியவில்லை. பிறகு வந்த பத்தாண்டுகளில், வரையப்பட்ட உயிர்களுக்கு எடையும் எலும்பும் குரலும் வந்தன. அழகு கூடியது, கண்ணீர்கூட வரவழைத்தார்கள். அதை நான் குறை சொல்லவில்லை. ஆனால் நினைத்ததும் பையாக மாறும் உரிமை சுருங்கிவிட்டது.

எமில் கோல் 1938ஆம் ஆண்டு சனவரியில் வறுமையில் காலமானார். அடுத்த நாளே, திரைப்பட மாயவித்தைகளின் முன்னோடியாகிய ஜார்ஜ் மெலியசும் மறைந்தார். அடுத்தடுத்த இரண்டு நாளில் இருவர்.

பெற்றோர்களுக்கு ஓர் எச்சரிக்கை

இவற்றைப் பிள்ளைகளுக்குக் காட்ட விரும்புவோர், முதலில் தாங்கள் தனியே பார்த்துவிடுங்கள். இவை குழந்தைகளுக்கென்றே எடுக்கப்பட்டவை அல்ல. திரையரங்கில் பெரியவர்களும் சேர்ந்து பார்த்தவை. ஃபீலிக்சின் முதற்படம், பூனை தன் உயிரை மாய்த்துக்கொள்வதாக முடிகிறது. அதை நான் வகுப்பில் காட்டமாட்டேன்.

அதைவிட வருத்தம் தருவது இன இழிவு. நான் மேலே புகழ்ந்த 'லிட்டில் நீமோ'விலேயே, ஆப்பிரிக்க மக்களை இழிவாகச் சித்திரிக்கும் ஓர் உருவம் உண்டு. பிளாக்டன் 1907இல் எடுத்த ஒரு படத்தில், கறுப்பினத்தவரையும் யூதரையும் குறிக்கும் சொற்களை எழுதி, அவற்றையே கேலிமுகங்களாக மாற்றிக் காட்டினார். கவனியுங்கள்: புட்டியை மலராக்கிய அதே வித்தைதான் இங்கே ஒரு மனிதக் கூட்டத்தைக் கேலிப்பொருளாக்குகிறது. புட்டி எதுவாகவும் ஆகலாம். ஆனால் அந்த முகங்கள் ஒரே ஒரு பொருளாக மட்டும் ஆக்கப்பட்டன. எந்தச் சுதந்திரத்தை அந்தக் கலை கோட்டுக்குக் கொடுத்ததோ, அதை இம்மனிதர்களுக்குக் கொடுக்கவில்லை. பல இனத்தவர் ஒன்றாக வாழும் நாட்டில் பிள்ளை வளர்ப்பவர்கள் நாம். நிறத்துக்காகவும் பெயருக்காகவும் கேலிசெய்யப்பட்ட அனுபவம் நம் பிள்ளைகளுக்கும் உண்டு. மேல்வகுப்பு மாணவர்களிடம் இதனை மறைக்காமல் பேசலாம். சிறியவர்களுக்கு வேறு படத்தைத் தேர்ந்தெடுத்துக் காட்டலாம்.

வகுப்பறையில் ஒன்றரை நிமிடம்

நான்காம் ஆண்டு மாணவர்களுக்கு 'ஃபான்டாஸ்மாகோரி'யை ஒலியே இல்லாமல் காட்டினேன். என் வகுப்பில் பலருக்கு வீட்டில் தமிழ்ப்புழக்கம் குறைவு. அவர்கள் பார்க்கும் கார்ட்டூன்கள் ஆங்கிலத்திலோ மலாயிலோ பேசுகின்றன. சிரிப்பு எந்த மொழியில் வருகிறதோ, அந்த மொழியே பிள்ளைக்கு இனிக்கிறது. பேசாத படம் எந்த மொழிக்கும் சொந்தமில்லை. முதலில் பேசுகிறவர் யாரோ, அவர் மொழிக்கு அது சொந்தமாகிவிடும்.

"என்ன நடந்தது?" என்று கேட்டேன். முதலில் எல்லாரும் ஒரே சொல்லைத்தான் சொன்னார்கள். "மாறிடுச்சு டீச்சர், மாறிடுச்சு." எப்படி மாறியது என்று கேட்கக் கேட்க, சொற்கள் ஒவ்வொன்றாக வெளிவந்தன. விரிந்தது, நீண்டது, வளைந்தது, சுருண்டது, உப்பியது, உடைந்தது. தெரியாத சொல்லைக் கையால் நடித்துக் காட்டிக் கேட்டார்கள்; நான் சொன்னேன். பாடநூலில் பட்டியலாக இருந்தபோது ஒட்டாத வினைச்சொற்கள் அன்று ஒட்டிக்கொண்டன. வழக்கமாக வாய் திறக்காத ஒரு மாணவன் திடீரென்று கேட்டான்: "பூவ யானையாக்குனது யாரு டீச்சர்? அந்தக் கையா, இல்ல பூவேவா?" வகுப்பு இரண்டு கட்சியாகப் பிரிந்தது. ஆனது என்றார்கள் ஒரு பக்கம். ஆக்கினார் என்றார்கள் மறுபக்கம். நான் இலக்கணம் நடத்தவில்லை. அவர்களே நடத்திக்கொண்டார்கள்.

அடுத்த வாரம் தன்கதை எழுதச் சொன்னேன். நம் பள்ளிகளில் தன்கதை எப்படி இருக்கும் என்பது உங்களுக்குத் தெரியும். 'நான் ஒரு புத்தகப்பை. என்னை ஒரு தொழிற்சாலையில் உருவாக்கினார்கள். என்னை ஒரு கடையில் அடுக்கினார்கள். ஒரு சிறுவன் என்னை வாங்கினான். நான் கிழிந்துபோனேன். இப்போது குப்பைத்தொட்டியில் கிடக்கிறேன்.' பை, பேனா, மிதிவண்டி, காலணி, எல்லாவற்றுக்கும் ஒரே வாழ்க்கை! பையைப் பிறர் ஏதேனும் செய்கிறார்களே தவிர, பை எதையும் செய்வதில்லை, விரும்புவதும் இல்லை.

அந்த வாரம் ஒரு மாணவி அழிப்பானைப் பற்றி எழுதியிருந்தாள். தவறாக எழுதியவற்றை மட்டும் அது அழிக்கும் என்று அதன் முதலாளி நினைத்தாளாம். ஆனால் அழிப்பானுக்குத் 'திங்கட்கிழமை' என்ற சொல்லே பிடிக்காது. ஆகவே நாட்குறிப்பிலிருந்து அதை அழித்துவிட்டது. மறுநாள் பொழுது விடிந்தபோது செவ்வாய்க்கிழமை. சபைக்கூடலே நடக்கவில்லை! ஒவ்வொரு வாரமும் அழித்து அழித்து அழிப்பான் தேய்ந்துகொண்டே வந்தது. கடைசித் திங்கட்கிழமையை அழித்தபோது அழிப்பானும் தீர்ந்துவிட்டது. அதன் பிறகு திங்கட்கிழமைகள் திரும்பி வந்தன என்று முடித்திருந்தாள்.

படித்துவிட்டு நான் வெகுநேரம் அந்தத் தாளையே பார்த்துக்கொண்டிருந்தேன். தொடக்கம் இருக்கிறது, முடிவு இருக்கிறது, காரண காரியம் வின்சர் மெக்கேயின் கொசுவைப்போல் கண்டிப்பாக இருக்கிறது. அழித்தால் தேயத்தானே வேண்டும்!

பின்னர் ஒரு தந்தை என்னிடம் வந்து, "நல்லாத்தான் இருக்கு டீச்சர். ஆனா தேர்வுல இப்படி எழுதினா புள்ளி கிடைக்குமா?" என்று கேட்டார். நியாயமான கேள்வி. பிள்ளையின் எதிர்காலத்தை எண்ணிக் கேட்கப்பட்டது. நான் சொன்ன பதில் இதுதான்: "ஐயா, தன்கதைக்கு வேண்டிய கூறுகள் அனைத்தும் இதில் உள்ளன. எழுத்துப்பிழையைத் திருத்திக்கொள்ளலாம், வாக்கியத்தைச் செம்மைப்படுத்தலாம். இந்த அழிப்பானின் விருப்பம் மட்டும் என்னால் கற்றுக்கொடுக்க முடியாதது. அது தானாக வந்திருக்கிறது. அதை அழித்துவிட வேண்டாம்."

நாம், ஆசிரியர்களும் பெற்றோர்களும், வரையும் கைகள். அதை மறுக்க முடியாது, மறுக்கவும் கூடாது. தலை உடைந்தால் ஒட்டிவிடவும் அந்தக் கைகள் வேண்டும். ஆனால் கோடு திடீரென்று நாம் நினைக்காத பக்கம் திரும்பினால், துடைப்பானை எடுப்பதற்குமுன் ஒரு நொடி பொறுத்துப் பார்க்கலாமே. ஒருவேளை அது யானையாகிக்கொண்டிருக்கலாம்.

செய்து பார்க்க விரும்புவோர்க்கு ஓர் எளிய வழி. ஒட்டுத்தாள் கட்டு ஒன்றை வாங்குங்கள். கடைசித் தாளிலிருந்து தொடங்கி, ஒவ்வொன்றிலும் ஒரு கோட்டைச் சற்றே மாற்றி மாற்றிப் பிள்ளையை வரையச் சொல்லுங்கள். முப்பது தாள் போதும். வேகமாகப் புரட்டிப் பார்த்துவிட்டு, "என்ன ஆனது?" என்று தமிழில் கேளுங்கள். "ஏன் ஆனது?" என்பதையும் சேர்த்துக் கேளுங்கள். என்ன நீதி என்று மட்டும் அன்றைக்குக் கேட்கவேண்டாம்.

உங்கள் பிள்ளைகள் வரைந்தது என்னவாக ஆனது என்பதை எனக்கும் எழுதுங்கள். ஆவலுடன் காத்திருப்பேன்.